‘முதல்’ என்று எழுதுவதற்கு முன்

கடந்த இரண்டு மாதத்தில் மூன்று கைப்பிரதிகள் என் மேசைக்கு வந்தன. மூன்றுமே முன்னோடிகளின் வாழ்க்கை வரலாறு. எழுதியவர்கள் புதியவர்கள், உழைப்பில் குறை சொல்லவே முடியாது. ஆனால் படிக்கப் படிக்க, எழுத வந்த புதிதில் நான் செய்த அதே தவறுகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டிருந்தன. எழுத்துப்பிழை, ஆண்டு மாறிப்போவது போன்றவற்றை யார் வேண்டுமானாலும் பிடித்துவிடுவார்கள். அவற்றை விட்டுவிடுகிறேன்.

பிறந்த ஊரில் தொடங்குவது

வேண்டாம். அவருக்கு எந்தக் கதவு மூடியிருந்தது என்று தெரிந்த பிறகுதான், எங்கே பிறந்தார் என்பதில் வாசகருக்கு அக்கறை வரும்.

‘முதல்’ என்ற சொல்

பல வருடங்களுக்கு முன் ஓர் ஆசிரியையின் வாழ்க்கையை எழுதினேன். அந்த வட்டாரத்தின் முதல் பெண்கள் பள்ளியைத் தொடங்கியவர் என்று ஒரு நினைவு மலரில் இருந்தது. பத்திரிகையில் வந்த அஞ்சலிக் குறிப்பிலும் இருந்தது. இரண்டு சான்று போதும் என்று நினைத்தேன். அஞ்சலிக் குறிப்பைப் பார்த்துத்தான் மலரில் எழுதியிருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. புத்தகத்தின் தலைப்பிலேயே ‘முதல்’ வைத்தேன். எல்லா அத்தியாயமும் அந்த ஒரு சொல்லைப் பிடித்துத் தொங்கின.

புத்தகம் வந்த மூன்றாம் மாதம் ஒரு மூதாட்டி என்னைத் தேடி வந்தார். கைப்பையிலிருந்து, பிளாஸ்டிக் உறைக்குள் வைத்திருந்த ஒரு தாளை எடுத்தார். நாலாக மடித்து மடித்து மடிப்பு கிழிந்து, பின்பக்கம் வேறு காகிதம் ஒட்டியிருந்தது. மை பழுப்பேறியிருந்தது. அவருடைய பாட்டி படித்த பள்ளியின் சான்று. வாசிப்பு, கணக்கு, தையல் என்று மூன்று வரி, பக்கத்தில் மதிப்பெண், கீழே ‘தலைமை ஆசிரியை’ என்று ஒரு பெண்ணின் கையெழுத்து. அதிலிருந்த ஆண்டு, நான் எழுதியவர் பள்ளி தொடங்கிய ஆண்டுக்குப் பதினொரு வருடம் முந்தையது.

“இந்தம்மா பேரு உங்க புத்தகத்துல எங்கயுமே இல்லையே, தம்பி” என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதனால்தான் இன்றும் உறுத்துகிறது.

விற்காமல் இருந்த பிரதிகளில் பிழைதிருத்தத் தாள் ஒட்டினோம். அட்டையில் இருந்த சொல் அப்படியேதான் இருந்தது. ஆனால் பெரிய நஷ்டம் அச்சுச் செலவு அல்ல. அந்தப் பழைய பள்ளி ஏன் மூடப்பட்டது? இவருடைய பள்ளி மட்டும் எப்படி நிலைத்தது? என் புத்தகம் கேட்டிருக்க வேண்டிய கேள்வியே அதுதான். ‘முதல்’ என்று எழுதிவிட்டதால் அதற்கு முன்னால் எதுவும் இல்லை என்றே நம்பிவிட்டேன். கேட்கத் தோன்றவே இல்லை.

இப்போது வந்த கைப்பிரதி ஒன்றில் முத்துலட்சுமி ரெட்டியை ‘இந்தியாவின் முதல் பெண் மருத்துவர்’ என்று எழுதியிருந்தார்கள். படித்ததும் எரிச்சலை அடக்க முடியவில்லை. அவர் சென்னை மருத்துவக் கல்லூரியில் தேறியது 1912இல். ஆனந்திபாய் ஜோஷி அமெரிக்காவில் பட்டம் வாங்கியதும், காதம்பினி கங்கூலி கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் படித்து முடித்ததும் 1886இல். முத்துலட்சுமி பிறந்த ஆண்டே அதுதான்! சென்னைக் கல்லூரியிலும் 1875லேயே மேரி ஷார்லீப் உள்ளிட்ட நான்கு பெண்கள் சேர்ந்துவிட்டார்கள். இல்லாத பட்டத்தை ஏற்றி வைத்ததால் முத்துலட்சுமி உயர்ந்துவிடவில்லை. சென்னை மாகாணச் சட்டசபையின் முதல் பெண் உறுப்பினர் என்பது எல்லை தெளிவாக உள்ள, சரியான ‘முதல்’. அங்கே உட்கார்ந்து அவர் என்ன செய்தார் என்பதுதான் வரலாறு. கைப்பிரதியில் அதற்கு ஒன்றரைப் பக்கம் ஒதுக்கியிருந்தார்கள்.

பிரிட்டனைப் பாருங்கள். எலிசபெத் பிளாக்வெல் 1849இல் அமெரிக்காவில் பட்டம் பெற்று, 1859இல் பிரிட்டன் மருத்துவப் பதிவேட்டில் இடம்பெற்றார். எலிசபெத் காரெட் மருந்தாளர் சங்கத்தின் உரிமம் வழியாக 1865இல் உள்ளே வந்தார். வந்ததும் அந்தச் சங்கம் விதியை மாற்றி, அடுத்த பெண் அதே வழியில் வர முடியாதபடி அடைத்துவிட்டது. 1869இல் சோஃபியா ஜெக்ஸ்-பிளேக்கும் தோழிகளுமாக ஏழு பேர் எடின்பரோவில் சேர்ந்தார்கள். படிக்கவிட்டார்கள், பட்டம் தரவில்லை. 1874இல் லண்டனில் பெண்களுக்கென்றே மருத்துவப் பள்ளி வந்தது; பெண்களுக்குத் தேர்வு நடத்திப் பட்டம் தரப் பல்கலைக்கழகங்களை அனுமதிக்கும் சட்டம் 1876இல் வந்தது. ‘முதல் பெண் மருத்துவர்’ என்று எழுதினால் இதில் ஒரு பெயர் மிஞ்சும். கதவு எப்போது திறந்தபடியே இருக்கத் தொடங்கியது என்று கேட்டால் எல்லோருமே கதைக்குள் வருவார்கள், கதவைச் சாத்தியவர்கள் உட்பட. சென்னையில் படித்த ஷார்லீப்பும் பிறகு அந்த லண்டன் பள்ளிக்குத்தான் போனார்.

எனவே ‘முதல்’ என்று எழுதும்போதெல்லாம் ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள்: எந்த இடத்தில், எதில், சேர்ந்ததிலா முடித்ததிலா, இதைச் சொன்னது யார், அவருக்கு யார் சொன்னார்கள். பிறகு பதிவேட்டில் இருபது வருடம் பின்னால் போய்ப் பாருங்கள். விண்ணப்பித்துத் திருப்பி அனுப்பப்பட்டவர்களின் பெயர்களும் அங்கே இருக்கும். எனக்கு இப்போதெல்லாம் ஒரு புத்தகத்தின் நல்ல அத்தியாயங்கள் அங்கிருந்துதான் கிடைக்கின்றன.

தற்செயலாக நடந்ததாக எழுதுவது

ரோசா பார்க்ஸைப் பற்றி எழுதுகிறவர்கள் இன்னும் ‘வேலை முடிந்து களைத்துப்போன ஒரு தையல்காரப் பெண்’ என்றே ஆரம்பிக்கிறார்கள். 1955 டிசம்பர் 1 அன்று, அமெரிக்காவின் மான்ட்கோமரி நகரத்தில் பேருந்தில் வெள்ளையருக்கு இருக்கையை விட்டுத்தர மறுத்துக் கைதானபோது, அவருக்கு 42 வயது. கறுப்பின உரிமை அமைப்பின் மான்ட்கோமரி கிளைக்குப் பல வருடம் செயலாளராக இருந்தவர். அந்தக் கோடையில்தான் டென்னசியில் ஒரு பயிற்சிப் பட்டறைக்குப் போய்வந்திருந்தார். உடம்பு களைக்கவில்லை, விட்டுக்கொடுத்தே களைத்துப்போனேன் என்ற பொருளில் அவரே பின்னாளில் எழுதியிருக்கிறார். ஒன்பது மாதம் முன்பு, மார்ச் 2 அன்று, அதே நகரத்தில் 15 வயது கிளாடெட் கால்வின் எழுந்திருக்க மறுத்துக் கைதானாள். பார்க்ஸ் கைதானதை அடுத்துத் தொடங்கிய பேருந்துப் புறக்கணிப்பு 381 நாள் நீடித்தது. பேருந்துகளில் நிறப் பிரிவினை சட்டவிரோதம் என்று உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது கால்வின் உட்பட நான்கு பெண்கள் தொடுத்த வழக்கில். அதில் பார்க்ஸ் பெயர் இல்லை. களைப்பைக் காரணமாக வைத்தால் இத்தனை வருட உழைப்பும் ஒரு மாலைப்பொழுதின் மனநிலையாகச் சுருங்கிவிடும்.

எதிர்த்தவர்களைப் பொம்மையாக்குவது

தேவதாசி ஒழிப்புக்கு எதிராகப் பேசியவர்களை மொத்தமாக ‘பழமைவாதிகள்’ என்று ஒரு வரியில் முடித்துவிடுகிறார்கள். முத்துலட்சுமி கொண்டுவந்த ஒழிப்பு மசோதாவை எதிர்த்தவர்களில் பெங்களூரு நாகரத்தினம்மாவும் இருந்தார். திருவையாற்றில் தியாகராஜர் சமாதிக்குக் கோயில் எழுப்பிய அதே நாகரத்தினம்மா. தாசிக் குடும்பத்தில் வளர்ந்த மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரோ ஒழிப்புக்காக மேடை மேடையாகப் பேசினார். சட்டம் 1947இல் வந்தது. இந்த இரண்டு பெண்களையும் பேசவிடாத புத்தகத்தில், முத்துலட்சுமி எதை எதிர்த்து, யாரிடம் வாதாடினார் என்பது வாசகருக்குப் புரியவே புரியாது. எதிர்த்தரப்பின் ஆகச் சிறந்த வாதத்தை முதலில் எழுதிப் பாருங்கள். எழுத வரவில்லை என்றால் நீங்கள் இன்னும் போதுமான அளவு படிக்கவில்லை.

அவர் சொன்னதாகச் சொல்லப்படுவது

‘இருந்தாலும் அது சுற்றுகிறது’ என்று பூமியைப் பற்றிக் கலிலியோ திருச்சபையின் விசாரணை மன்றத்தில் முணுமுணுத்ததாக எழுதாத ஆள் இல்லை. விசாரணை நடந்தது 1633இல். அந்த வாக்கியம் அச்சில் வந்தது 1757இல். மேற்கோள் எவ்வளவு அழகாக இருக்கிறதோ அவ்வளவு சந்தேகப்படுங்கள்.

அவர் என்ன நினைத்தார் என்று எழுதுவது

கடிதமோ நாட்குறிப்போ இல்லையென்றால் எழுதாதீர்கள்.

நாட்காட்டி

ரஷ்யாவின் பழைய நாட்காட்டிப்படி அக்டோபரில் நடந்த ‘அக்டோபர் புரட்சி’ நம் நாட்காட்டிப்படி நவம்பர் 7. எந்த நாட்காட்டி என்று முன்னுரையிலேயே சொல்லிவிடுங்கள்.

பெயரடைவு இல்லாமல் அச்சுக்கு அனுப்புவது

எந்தப் பெயர் எந்தப் பக்கத்தில் என்று புத்தகத்தின் கடைசியில் வரும் பட்டியல்தான் பெயரடைவு. நாலு நாள் வேலை, பக்கம் கூடும் என்று பதிப்பாளர் தயங்குவார். விடாதீர்கள். தன் வீட்டு ஆள் ஒருவரின் பெயரைத் தேடித்தான் பலர் இத்தகைய புத்தகத்தைத் திறக்கிறார்கள். அந்த மூதாட்டியும் முதலில் கடைசிப் பக்கங்களைத்தான் புரட்டிப் பார்த்ததாகச் சொன்னார். பெயரடைவு இல்லாததால், அந்தத் தலைமை ஆசிரியையின் பெயரைத் தேடி 214 பக்கத்தையும் வரி வரியாகப் படித்திருக்கிறார்.