ரத்தக்கட்டு ஆறிய பின்னும் தங்கிவிடும் பாதிப்புக்குக் கோடு இடுவது எப்படி?

தோல் கிழியாமல், அடியின் வேகத்தில் உள்ளே சிறு ரத்த நாளங்கள் உடைந்து கன்றிப்போவதையே மருத்துவக் குறிப்புகள் ‘கண்டூஷன்’ என்கின்றன. பெரும்பாலான ரத்தக்கட்டுகள் சில வாரங்களில் நிறம் மாறி மறைந்துவிடும். சிலவோ, மறைந்த பிறகும் தசைக்குள் கெட்டிப்பட்ட கட்டியையோ, முழுதாக மடங்காத மூட்டையோ, விடாத வலியையோ மிச்சம் வைத்துவிடும். நோய்களையும் காயங்களையும் எழுத்தும் எண்ணும் கலந்த ‘கோடு’ (குறியீடு) ஒன்றால் குறிப்பது அமெரிக்காவின் ஐசிடி-10-சிஎம் முறை. அந்த முறையில் இந்த மிச்சத்துக்கு எப்படிக் கோடு இடுவது என்பதை, மெடிக்கல் கோடிங்கில் புதிதாக நுழைந்திருப்பவர்களுக்காக இங்கே விளக்குகிறேன். கோடுகளில் வரும் ஆங்கில எழுத்துகளை உச்சரிப்புப்படி எழுதியிருக்கிறேன். மென்பொருளில் உள்ளிடும்போது இடைவெளி இல்லாமல் ஆங்கில எழுத்துகளாகவே இட வேண்டும்.

முதலில் ஒரு பழைய செய்தி. முன்பு வழக்கில் இருந்த ஐசிடி-9-சிஎம் முறையில், ரத்தக்கட்டின் பின்விளைவு எதுவானாலும், உடலின் எந்தப் பகுதியானாலும், 906.3 என்ற ஒரே எண் போதுமானதாக இருந்தது. 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-சிஎம் நடைமுறைக்கு வந்தபோது அந்த ஒற்றை எண் போய்விட்டது. இப்போது எந்தக் காயம் பாதிப்பை உண்டாக்கியதோ, அந்தக் காயத்தின் கோடுக்கு ஏழாவது இடத்தில் ‘எஸ்’ சேர்க்கிறோம். ‘சீக்வெலா’, அதாவது பின்விளைவு, என்பதைக் குறிப்பது அந்த எழுத்துதான்.

விளக்கத்துக்கு ஒரு மாதிரிச் சார்ட்டை, அதாவது நோயாளியின் மருத்துவப் பதிவை, எடுத்துக்கொள்வோம். ஆட்டத்தின்போது எதிரணி வீரரின் முழங்கால் எதிர்பாராமல் இடித்து, ஓர் இளைஞரின் இடது தொடை கன்றிப்போனது. நான்கு மாதங்கள் கழித்து, வீக்கம் முழுவதும் வடிந்த பிறகும், தொடையில் கெட்டியான கட்டி இருப்பதாகவும் முழங்காலை மடக்க முடியவில்லை என்றும் சொல்லி வருகிறார். எக்ஸ்ரேயில் தசைக்குள் எலும்பு உருவாகியிருப்பது தெரிகிறது. “பழைய இடது தொடை கண்டூஷனால் ஏற்பட்ட மயோசைட்டிஸ் ஆஸிஃபிகன்ஸ்” என்று மருத்துவர் எழுதுகிறார்.

படி 1: காயம் இன்னும் ஆறிக்கொண்டிருக்கிறதா, ஆறி முடிந்துவிட்டதா?

புதியவர்கள் அதிகம் தடுமாறும் இடம் இது என்பதால் சற்று நின்று பார்ப்போம். காயத்துக்கு முனைப்பான சிகிச்சை நடக்கும்வரை ஏழாவது எழுத்து ‘ஏ’. அது முடிந்து, காயம் ஆறிவரும் காலத்தில் வழக்கமான பரிசோதனைக்கு வந்தால் ‘டி’. காயத்தின் தீவிரக் கட்டம் முடிந்து, அதனால் உண்டான வேறொரு பாதிப்புக்காக வந்தால் ‘எஸ்’. இதே இளைஞர் இரண்டாவது வாரத்தில், வடிந்துகொண்டிருக்கும் வீக்கத்தைக் காட்டுவதற்காக வந்திருந்தால், அது ‘டி’ மட்டுமே. ‘டி’க்கும் ‘எஸ்’ஸுக்கும் இடையே நாள்கணக்கில் எல்லைக்கோடு எதுவும் கிடையாது, பின்விளைவுக் கோடைப் பயன்படுத்தக் காலவரம்பு இல்லை என்று அதிகாரபூர்வ வழிகாட்டுநெறி தெளிவாகவே சொல்கிறது. நான் தொழிலுக்கு வந்த புதிதில், மூன்று மாதம் தாண்டினால் ‘எஸ்’ என்று நானாகவே ஒரு கணக்கு வைத்திருந்தேன். என் கோடுகள் தணிக்கையில் திரும்பி வந்த பிறகுதான், தேதியைப் பார்ப்பதை விட்டுவிட்டு மருத்துவரின் வாக்கியத்தைப் படிக்கத் தொடங்கினேன்.

படி 2: இரண்டையும் இணைக்கும் சொல்லைத் தேடுங்கள்

‘எஸ்’ என்று இடும்போது, இன்றைய பாதிப்புக்கு அந்தப் பழைய காயமே காரணம் என்று நாம் அறிவிக்கிறோம். அந்த முடிவை எடுக்க வேண்டியவர் மருத்துவரே, கோடர் அல்லர். “அதனால் ஏற்பட்ட”, “அதைத் தொடர்ந்து வந்த”, “அதன் பின்விளைவான” என்ற பொருளில் ஏதேனும் ஒரு சொல் குறிப்பில் இருக்க வேண்டும். ஒரு பத்தியில் தொடை வலியும் இன்னொரு பத்தியில் பழைய அடியும் எழுதப்பட்டிருப்பதாலேயே இரண்டையும் நாமாக முடிச்சுப் போட்டுவிடக் கூடாது. தெளிவில்லையென்றால் மருத்துவருக்குக் கொயரி, அதாவது விளக்கம் கேட்கும் கேள்வி, அனுப்புங்கள். அந்தக் கேள்வி விடையைத் தானே சொல்லிக்கொடுப்பதாக இருக்கக் கூடாது.

படி 3: இன்றைய பாதிப்புக்கான கோடு

ஆறிவிட்ட காயத்தால் எலும்பிலோ மூட்டிலோ தசையிலோ நிலைத்துவிட்ட பாதிப்புகளுக்கான கோடுகள் பெரும்பாலும் 13-ஆம் அத்தியாயத்தில் கிடைக்கும். நோய்ப் பெயர்களின் அகரவரிசைச் சுட்டியில் (இண்டெக்ஸ்) மயோசைட்டிஸ், ஆஸிஃபிகன்ஸ், டிராமாட்டிகா என்று இறங்கினால் எம் 61.0 கிடைக்கும். அங்கேயே நின்றுவிடாமல், கோடுகளின் வரிசையில் அமைந்த அட்டவணைப் பட்டியலுக்குச் சென்று உடற்பகுதியையும் பக்கத்தையும் சேர்த்தால், இடது தொடைக்கு எம் 61.052.

படி 4: பழைய காயத்தின் கோடும் ‘எஸ்’ எழுத்தும்

இதை ஒவ்வோர் எழுத்தாகக் கட்டிப் பார்ப்பது நல்லது. எஸ் 70 என்பது இடுப்பு, தொடை ஆகியவற்றின் மேலோட்டக் காயங்கள். புள்ளிக்குப் பின் 1 வந்தால் தொடையின் ரத்தக்கட்டு. அடுத்து 2 வந்தால் இடது பக்கம். இத்தோடு ஐந்து இடங்கள்தான் நிரம்பியிருக்கின்றன. ‘எஸ்’ ஏழாவது இடத்தில்தான் நிற்க வேண்டும் என்பதால், காலியாக இருக்கும் ஆறாவது இடத்தை ‘எக்ஸ்’ நிரப்புகிறது. ஆக, எஸ் 70.12 எக்ஸ் எஸ். அந்த ‘எக்ஸ்’ விடுபட்டால் கோடு செல்லாது. முதலிலும் கடைசியிலும் ஒரே எழுத்து வந்தாலும், முதலாவது அந்தக் கோடு காயங்களின் வகையைச் சேர்ந்தது என்பதையும் கடைசி அது பின்விளைவு என்பதையும் குறிக்கின்றன.

இங்கே இரண்டு எச்சரிக்கைகள். மூளை, நுரையீரல், சிறுநீரகம் போன்ற உள்ளுறுப்புகளின் கண்டூஷனுக்குத் தனிப் பிரிவுகள் உண்டு. அவற்றை மேலோட்டக் காயங்களுக்குள் தேடாதீர்கள். அதே இடத்தில் எலும்பு முறிவு போன்ற கடுமையான காயமும் இருந்திருந்தால், ரத்தக்கட்டைத் தனியாகக் கோடு செய்வதில்லை. பின்விளைவு எந்தக் காயத்தால் வந்தது என்று மருத்துவர் சொல்கிறாரோ, ‘எஸ்’ அந்தக் கோடில் சேரும்.

படி 5: வரிசை

இன்றைய பாதிப்பு முதலில், அதற்குக் காரணமான காயம் இரண்டாவது. எனவே எம் 61.052 முன்னும், எஸ் 70.12 எக்ஸ் எஸ் பின்னும் வரும். ‘எஸ்’ எழுத்து காயத்தின் கோடுக்கு மட்டுமே உரியது. பாதிப்பின் கோடில் அதைச் சேர்க்கக் கூடாது. ஒரே காயத்துக்கு ‘ஏ’ கோடும் ‘எஸ்’ கோடும் ஒருசேர வருவதும் தவறு.

படி 6: காயம் எப்படி நேர்ந்தது?

புறக்காரணக் கோடு இடுவதாக இருந்தால் அதிலும் ஏழாவது எழுத்து ‘எஸ்’ ஆகவே இருக்க வேண்டும். இன்னொருவர் தற்செயலாக இடித்ததற்கு டபிள்யூ 50.0 எக்ஸ் எக்ஸ் எஸ். இங்கே ஐந்தாவது, ஆறாவது என இரண்டு இடங்கள் காலியாக இருப்பதால் ‘எக்ஸ்’ இரண்டு முறை வருகிறது. விபத்து நடந்த இடத்தைச் சொல்லும் ஒய் 92, அப்போது செய்துகொண்டிருந்த செயலைச் சொல்லும் ஒய் 93 ஆகிய இரண்டும் முதல் சிகிச்சை வருகைக்கு மட்டுமே உரியவை. பின்விளைவுக்காக வரும்போது, மைதானத்தின் பெயரும் ஆட்டத்தின் பெயரும் சார்ட்டில் எவ்வளவு விரிவாக எழுதப்பட்டிருந்தாலும், அவற்றுக்குக் கோடு இடுவதில்லை.