முழுமனதாகவா, ஒருமனதாகவா?

உள்ளுக்குள் இழுபறியே இல்லாமல் ஒருவர் ஒரு காரியத்துக்குச் சம்மதித்தால் ‘முழுமனதாக’ என்று எழுதுங்கள். முழுமனதோடு, முழுமனதுடன் என்றாலும் சரிதான். ‘ஒருமனதாக’ என்பது வேறு; பஞ்சாயத்துக் கூட்டத்தில் எல்லாரும் சேர்ந்து தீர்மானம் போடுகிறார்களே, அதற்குத்தான் அது, தனி ஆளுக்குப் போட்டால் ஒட்டாது.

‘அம்மா முழுமனதாக நகையைக் கழற்றிக் கொடுத்தாள்’ என்றால் முணுமுணுப்பில்லை, ‘அரைமனதாக’ என்று மாற்றினால் கை கொடுக்கிறது, கண் நகையிலேயே இருக்கிறது. ‘ரொம்ப முழுமனதாக’ வேண்டாம், முழுசுக்கு மேல் என்ன இருக்கிறது?

பத்திர நடை வேண்டுமென்றால் ‘மனப்பூர்வமாக’. அப்புறம், ஒரு ஆள் மறுப்பதற்கு ‘முழுமனதாக’, ‘மனப்பூர்வமாக’ இரண்டுமே சரிப்படாது: ‘முழுமனதாக மறுத்தான்’ என்று யாரும் சொல்வதில்லை, ‘திட்டவட்டமாக மறுத்தான்’ என்பதுதான் வழக்கம்.