பார்க்கப் படமே இல்லாத நடிகையின் வாழ்க்கையை எப்படித் திரட்டுவது? சுலோச்சனாவை வைத்து ஒரு வழிகாட்டி

மௌனப்பட காலத்து நடிகை ஒருவரைப் பற்றி எழுத உட்கார்ந்தால் முதல் நாளே கையைக் கட்டிப்போடும் சிக்கல், பார்ப்பதற்குப் படம் இல்லை என்பதுதான். இந்தியாவில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட மௌனப்படங்கள் எடுத்தார்கள், முழுசாகத் தப்பியவை மிகக் கொஞ்சம். அந்தக் காலப் படச்சுருளான நைட்ரேட் பிலிம் சட்டென்று தீப்பிடிக்கும், தீயில் போகாததில் பலவற்றை அதிலிருக்கும் வெள்ளிக்காகக் கரைத்து விற்றுவிட்டார்கள். ஆகவே காகிதத்தை வைத்துத்தான் வேலை செய்ய வேண்டும். 1920களின் கடைசியில் பம்பாய் சினிமாவின் பெரிய நட்சத்திரமாக இருந்த சுலோச்சனாவை வைத்தே இதைச் சொல்கிறேன், எனக்கு ரொம்பப் பிடித்த நடிகை என்பதும் ஒரு காரணம்.

முதலில் பெயரைச் சரிபாருங்கள். இவருடைய சொந்தப் பெயர் ரூபி மையர்ஸ், 1907இல் புனேயில் ஒரு பாக்தாதி யூதக் குடும்பத்தில் பிறந்தவர், டெலிபோன் ஆபரேட்டராக இருந்து கோஹினூர் என்ற படக் கம்பெனி வழியாக சினிமாவுக்கு வந்தவர். சினிமாவில் நடிப்பது குடும்பப் பெண்களுக்கு ஆகாது என்று ஊரே சொன்ன காலம் என்பதால் யூத, ஆங்கிலோ இந்தியப் பெண்கள் பலர் இந்துப் பெயர் வைத்துக்கொண்டு நடித்தார்கள். அதே காலத்து இன்னொரு நடிகை சீதா தேவியின் சொந்தப் பெயர் ரெனீ ஸ்மித். ஆக இரண்டு பெயரிலும் தேடுங்கள். 'மையர்ஸ்' என்பதை ஆங்கிலத்தில் இரண்டு மூன்று விதமாக எழுதியிருப்பார்கள், அதையும் விடாதீர்கள். அதைவிடப் பெரிய பள்ளம், பின்னாளில் அம்மா வேடங்களில் வந்த சுலோச்சனா லாட்கர். இவர் வேறு ஆள். நான் முதலில் போட்ட பட்டியலில் அவருடைய படங்கள் நான்கைந்து கலந்துபோய், எல்லாவற்றையும் அழித்து முதலிலிருந்து எழுத வேண்டியதாயிற்று.

அடுத்து ஒரு நோட்டில் வருடவாரியாகப் படப் பட்டியல் போடுங்கள், படத்தின் பெயருக்குப் பக்கத்தில் வருடம், கம்பெனி, இயக்குநர் மூன்றும் கட்டாயம் இருக்கட்டும். பெயரை மட்டும் எழுதினால் நிச்சயம் குழப்பம் வரும், ஏனென்றால் பேசும்படம் வந்ததும் இவருடைய பழைய வெற்றிப்படங்களையே திரும்ப எடுத்தார்கள்: 1929இன் 'இந்திரா பி.ஏ.' 1934இல் 'இந்திரா எம்.ஏ.' ஆனது, எட்டு வேடங்களில் இவர் நடித்த 1927ஆம் வருடத்துப் 'பம்பாயின் காட்டுப்பூனை' 1936இல் 'பம்பாய் கீ பில்லி' ஆனது. 'அனார்கலி' என்று மட்டும் குறித்துவைத்தால் எந்த அனார்கலி? 1928இல் மௌனப்படம், 1935இல் பேசும்படம், இரண்டிலும் இவர்தான் அனார்கலி. 1953இல் மூன்றாவது, அதில் அனார்கலியாக பீனா ராய் நடிக்க, இவர் அனார்கலியின் காதலன் இளவரசர் சலீமின் அம்மா ஜோதா பாய்.

பட்டியலில் இடைவெளி விழுந்தால் அங்கே கொஞ்சம் நின்று பாருங்கள், கதை அங்கேதான் இருக்கும். 1931இல் இம்பீரியல் கம்பெனி இந்தியாவின் முதல் பேசும்படமான 'ஆலம் ஆரா'வை எடுத்தபோது கதாநாயகி சுபைதா, அதே கம்பெனியின் உச்ச நட்சத்திரமான சுலோச்சனா இல்லை. அவருக்கு இந்துஸ்தானி சரளமாக வராது. ஒரு வருடம்போல ஒதுங்கி உட்கார்ந்து மொழியைக் கற்றுக்கொண்டு 1932இல் 'மாதுரி'யோடு திரும்பி வந்தார். இருபத்தைந்து வயதில், புகழின் உச்சியிலிருந்து இறங்கி, அரிச்சுவடியிலிருந்து ஆரம்பிக்க எவ்வளவு மனத்திடம் வேண்டும்!

சரி, காகிதம் எங்கே கிடைக்கும்? புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் போஸ்டர், ஸ்டில், பாட்டுப் புத்தகம் எல்லாம் சேர்த்து வைத்திருக்கிறார்கள். பாட்டுப் புத்தகத்தை அலட்சியமாக நினைக்காதீர்கள். நடிகர் பட்டியல் அதில் இருக்கும், கதைச் சுருக்கமும் இருக்கும், ஆனால் முடிவு மட்டும் இருக்காது, 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' பாணியில் நிறுத்திவிடுவார்கள். 1935இல் தொடங்கிய 'பிலிம் இந்தியா' பத்திரிகையின் பழைய இதழ்கள் பல இணையத்திலேயே கிடைக்கின்றன. மௌனப்பட காலத்துத் தொழில் எப்படி நடந்தது என்று புரிய, 1927-28இல் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார் தலைமையில் அமைந்த சினிமா விசாரணைக் குழுவின் அறிக்கையைப் படியுங்கள், சாட்சியங்களைத் தனித் தொகுதிகளாகவே அச்சிட்டார்கள்.

அப்புறம், நன்றாக இருக்கிறதே என்று எந்தக் கதையையும் அப்படியே எழுதிவிடாதீர்கள். சுலோச்சனாவுக்கு மாதம் 5,000 ரூபாய் சம்பளம், அது பம்பாய் கவர்னர் சம்பளத்தைவிட அதிகம் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். 1935ஆம் வருட இந்திய அரசுச் சட்டத்தின் அட்டவணையைத் திறந்தால் பம்பாய் கவர்னருக்கு வருடத்துக்கு 1,20,000 ரூபாய், அதாவது மாதம் 10,000. அந்தக் கணக்கில் இவருடையது பாதிதான். ஆனாலும் அந்தப் பேச்சைத் தூக்கி எறிய வேண்டாம், ஒரு நடிகையைக் கவர்னரோடு ஒப்பிட்டு ஊர் பேசியது என்பதே எழுத வேண்டிய செய்தி. பேச்சைப் பேச்சாகவும் கணக்கைக் கணக்காகவும் எழுதுங்கள்.

கடைசிக் காலத்தையும் தேடுங்கள், பலர் இதை இரண்டு வரியில் முடித்துவிடுகிறார்கள். கதாநாயகி வாய்ப்பு நின்ற பிறகும் சின்னச் சின்ன வேடங்களில் பல வருடம் நடித்தார், 1973ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருது இவருக்குத்தான், 1983இல் பம்பாயில் காலமானார். இதையெல்லாம் குறித்து முடித்ததும் 1953 'அனார்கலி'யைத் தேடி எடுத்து, ஜோதா பாய் வரும் காட்சியில் நிறுத்தி அந்த முகத்தை நிதானமாகப் பாருங்கள். அதே கதையில் இரண்டு முறை அனார்கலியாக நின்றவர், இந்த முறை இன்னொரு பெண் அந்த வேடத்தில் நிற்கப் பக்கத்தில் அம்மாவாக நிற்கிறார்.