சென்னையில் முதல் பிள்ளைக்குக் காத்திருக்கும் அப்பாக்களுக்கு

முதல் பிரசவம் தாய் வீட்டில் என்பது நம் வழக்கம். வளைகாப்பு முடிந்ததும் பெண்ணை அழைத்துப் போவார்கள், மற்றதை மாமியார் பார்த்துக்கொள்வார். யாழ்ப்பாணத்திலிருந்தோ கோலாலம்பூரிலிருந்தோ சென்னைக்குக் குடிவந்தவர்கள் பலருக்கு அந்த வீடு கடல் தாண்டி இருக்கிறது. அப்போது அந்த வேலையெல்லாம் அப்பாவாகப்போகும் உங்களுடையது.

முதல் வேலை, பிக்மி எண், அதாவது அரசின் கர்ப்பப் பதிவு எண். தனியார் டாக்டரிடம் காட்டினாலும் உங்கள் பகுதி நகர்ப்புற ஆரம்ப சுகாதார நிலையத்தில் கர்ப்பத்தைப் பதிவு செய்து இதை வாங்க வேண்டும். பிறப்புச் சான்றிதழுக்கு இந்த எண்ணைக் கேட்பார்கள். வெளிநாட்டு பாஸ்போர்ட் என்றால் என்னென்ன காகிதம் வேண்டும் என்று முன்கூட்டியே நேரில் கேட்டுவிடுங்கள். நிறைமாதத்தில் அலைய நேரம் இருக்காது.

ஸ்கேனில் ஆணா பெண்ணா என்று கேட்காதீர்கள். பல நாடுகளில் சாதாரணமாகச் சொல்வார்கள். இங்கே 1994ஆம் ஆண்டுச் சட்டப்படி அது குற்றம்.

எழும்பூர் அரசு மகப்பேறு மருத்துவமனை 1844 முதல் இயங்குகிறது; சிக்கலான பிரசவங்களைப் பார்த்துப் பழகிய இடம். தனியாரில் சேர்ப்பதென்றால் சுகப்பிரசவத்துக்கு எவ்வளவு, சிசேரியனுக்கு எவ்வளவு, பச்சிளங்குழந்தைகளுக்கான தீவிர சிகிச்சைப் பிரிவு உண்டா, பிரசவ அறைக்குள் கணவரை விடுவார்களா என்று கேளுங்கள். புதிதாக எடுத்த காப்பீட்டில் பிரசவச் செலவுக்குக் காத்திருப்புக் காலம் இருக்கும், அதை நம்பிக் கணக்குப் போட வேண்டாம். லீவு விஷயமும் அப்படித்தான். மத்திய அரசு ஊழியருக்கு 15 நாள் உண்டு. தனியார் நிறுவனம் தந்தே ஆக வேண்டும் என்று சட்டம் இல்லை.

அக்டோபர் முதல் டிசம்பருக்குள் நாள் குறித்திருந்தால், மழையில் எந்தச் சுரங்கப்பாதை மூழ்கும் என்று பக்கத்து வீட்டாரிடம் விசாரித்து மாற்றுவழி ஒன்று பார்த்து வையுங்கள். பனிக்குடம் உடைந்தாலோ, இரத்தம் பட்டாலோ, தலைவலி கடுமையானாலோ, குழந்தையின் அசைவு குறைந்தாலோ விடியட்டும் என்று இருக்காதீர்கள். 108க்கு அழையுங்கள்.

அப்புறம் பத்தியம். பூண்டுக் குழம்பும் பால்சுறாப் புட்டும் இப்போதே செய்து பழகுங்கள். வீடியோ காலில் மாமியார் சொல்லிக் கொடுப்பார். பிரசவ லேகியம் மயிலாப்பூர் டப்பா செட்டி கடையில் கிடைக்கும், டாக்டரிடம் கேட்டுவிட்டுக் கொடுங்கள். பிறந்த குழந்தையின் நாக்கில் தேனோ சர்க்கரைத் தண்ணீரோ தொட்டு வைக்க யார் வந்தாலும் தடுத்துவிடுங்கள். பெரியவர்கள் மனம் கோணினாலும் பரவாயில்லை. தேனால் பச்சிளம் குழந்தைக்கு ஆபத்தான நஞ்சேற்றம் வரலாம். ஆறு மாதம் தாய்ப்பால் மட்டும்தான். பால் குடித்த குழந்தையைத் தோளில் போட்டு ஏப்பம் விட வைப்பது, இரவில் துணி மாற்றுவது எல்லாம் நீங்கள் செய்யுங்கள். மனைவி கொஞ்சம் தூங்கட்டும்.

பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். ஆஸ்பத்திரியே மாநகராட்சிக்குத் தகவல் அனுப்பும். பெயரை ஓராண்டுக்குள் கட்டணமின்றிச் சேர்க்கலாம். ஆஸ்பத்திரியில் படிவம் நிரப்பும்போது பெற்றோர் பெயர் பாஸ்போர்ட்டில் உள்ளபடியே, எழுத்துக்கு எழுத்து இருக்கிறதா என்று நீங்களே பார்த்துக் கையெழுத்துப் போடுங்கள். பிறகு தூதரகத்தில் குழந்தையைப் பதியும்போது அந்தச் சான்றிதழைத்தான் காட்ட வேண்டியிருக்கும்.