ழான் தாரிஸ் நீந்திக் காட்டிய படம்: பார்ப்பவர்களும் எழுதுபவர்களும் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிரெஞ்சு இயக்குநர் ழான் விகோ 1931இல் எடுத்த நீச்சல் பாடப் படம் பத்து நிமிடத்துக்குள் முடிந்துவிடும். அதில் நீந்திக் காட்டுபவர் ழான் தாரிஸ். படத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் விகோவைப் பக்கம் பக்கமாகப் பாராட்டிவிட்டு, தாரிஸை 'ஒரு நீச்சல் வீரர்' என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். முதலில் விட வேண்டியது இந்தப் பழக்கத்தைத்தான். கையால் நீரை இழுப்பது, காலை அடிப்பது, தலையைப் பக்கவாட்டில் திருப்பி மூச்சு வாங்குவது என்று பாடம் முழுவதும் அவர் உடம்பில்தான் இருக்கிறது. ஸ்லோ மோஷனில் அரைகுறை நீச்சல் உடனே மாட்டிக்கொள்ளும். கேமரா அவ்வளவு நெருங்கிப் போக முடிந்ததற்குக் காரணம், தாரிஸின் நீச்சலில் மறைக்க வேண்டியது எதுவும் இல்லை என்பதே. படத்தின் பாதிப் பெருமை அவருடையது என்பேன்.

'ஒலிம்பிக் பதக்க வீரரை வைத்து எடுத்த படம்' என்று எழுதுவதும் தவறு. பதக்கம் படத்துக்கு அடுத்த ஆண்டுதான் வந்தது. 1932 லாஸ் ஏஞ்சல்ஸில், 400 மீட்டர் ஃப்ரீஸ்டைலில் அமெரிக்கர் பஸ்டர் கிராப் 4 நிமிடம் 48.4 வினாடியில் முடித்தார்; தாரிஸ் 4 நிமிடம் 48.5. வெறும் 0.1 வினாடி! கிராப் ஹாலிவுட்டுக்குப் போய் டார்ஜானாகவும் ஃப்ளாஷ் கார்டனாகவும் நடித்துப் புகழ்பெற்றார். தாரிஸின் பெயர் பிரான்சுக்கு வெளியே அதிகம் பரவவில்லை.

நீருக்கடிக் காட்சிகளைப் பார்த்துவிட்டு, கேமராவையே நீரில் இறக்கியிருப்பார்கள் என்று நினைக்க வேண்டாம். பாரிஸில் படம் பிடித்த அந்தக் குளத்தின் சுவரில் கண்ணாடி ஜன்னல்கள் இருந்தன. அவற்றின் வழியாக எடுத்தவை அவை.

இதைப் பார்த்து நீந்தக் கற்கலாம் என்று இறங்குகிறவர்களுக்கு இன்னும் கவனம் தேவை. தாரிஸ் நீரிலிருந்து பின்னோக்கி எழும்பிக் கரைக்குத் திரும்புவதும், கோட்டும் தொப்பியுமாக நீர்மேல் நடப்பதும் விகோவின் விளையாட்டு, பாடம் அல்ல. ஸ்லோ மோஷன் வேகத்தையே உங்கள் வேகமாக்கிக்கொண்டால் கால்கள் கீழே போய்விடும். அந்தக் கால வீரர்கள் தலையைக் கொஞ்சம் உயர்த்தியே நீந்தினார்கள். இன்றைய பயிற்சியாளர்கள் குளத்தின் தரையைப் பார்க்கச் சொல்கிறார்கள், இடுப்பு அமிழாமல் இருக்க. தலையின் நிலைக்கு அவர்கள் சொல்வதைக் கேளுங்கள்.

மூச்சு விஷயம் மட்டும் இன்றும் அப்படியே பொருந்தும். புதிதாகக் கற்பவர்கள் நீருக்குள் மூச்சை அடக்கி வைத்திருந்து, முகம் வெளியே வந்ததும் விடுவதையும் இழுப்பதையும் ஒரே நொடியில் செய்யப் பார்க்கிறார்கள். குளத்தின் நீளத்தை இரண்டே முறை கடப்பதற்குள் களைத்துவிடுகிறார்கள். படத்தில் அந்தப் பகுதி வரும்போது ஒலியை நிறுத்திவிட்டு தாரிஸின் வாயை மட்டும் கவனியுங்கள். காற்று முழுவதையும் நீருக்குள்ளேயே விட்டுவிடுகிறார். வெளியே வரும் வாய்க்கு இழுக்கும் வேலை மட்டும்தான்.