மான்ட்கோமரி கவுண்டிக்குப் புதிதாக வந்தவர்களுக்கு: இங்கே ஆட்சி யார் கையில் இருக்கிறது?

மேரிலாந்தில் ஜெர்மன்டவுனிலோ கிளார்க்ஸ்பர்க்கிலோ குடிவந்தவர்கள் சில மாதங்களில் கேட்டுவிடும் கேள்வி, "இந்த ஊருக்கு மேயர் யார்?" என்பது. யாரும் இல்லை. முகவரியில் ஊர்ப் பெயர் இருக்கிறதே தவிர, ஜெர்மன்டவுன், கிளார்க்ஸ்பர்க், சில்வர் ஸ்பிரிங், பெத்தெஸ்டா எதற்கும் தனி நகராட்சி கிடையாது. ராக்வில்லுக்கும் கெய்தர்ஸ்பர்க்குக்கும் உண்டு. மற்ற இடங்களில் பெரும்பாலும் கவுண்டிதான் எல்லாம். பிள்ளையின் பள்ளி, ரோந்து வரும் போலீஸ், நூலகம், குப்பை வண்டி, 2025 முதல் கட்டணமே வாங்காத ரைட் ஆன் பஸ் அனைத்தும் கவுண்டியோடு சேர்ந்தவை.

பொறுப்பில் நம் மாவட்டத்தைப் போல என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் கலெக்டரை அரசு நியமிக்கிறது. இங்கே நிர்வாகத் தலைவரான கவுண்டி எக்ஸிக்யூட்டிவை மக்கள் தேர்ந்தெடுக்கிறார்கள். நான்கு ஆண்டுப் பதவி. சட்டம் இயற்றவும் பட்ஜெட்டை நிறைவேற்றவும் 11 பேர் கொண்ட கவுன்சில் இருக்கிறது. அதில் ஏழு பேர் தொகுதிக்கு ஒருவர், நான்கு பேர் கவுண்டி முழுமைக்கும் பொது. எனவே ஒவ்வொரு வாக்காளரும் தன் தொகுதி உறுப்பினரோடு சேர்த்து ஐந்து பேரைத் தேர்ந்தெடுக்கிறார். ஷெரிஃபும் தேர்தலில் வருபவர்தான். ஆனால் சினிமாவில் பார்த்த ஷெரிஃபை நினைக்க வேண்டாம். இந்தக் கவுண்டியில் அவருடைய வேலை பெரும்பாலும் நீதிமன்றப் பாதுகாப்பும், நீதிமன்ற உத்தரவுகளை நிறைவேற்றுவதும். திருட்டுப் புகார் என்றால் கவுண்டி போலீஸிடம்தான் போக வேண்டும்.

2020 கணக்கெடுப்பின்படி இங்கே பத்தரை லட்சத்துக்கும் அதிகமானோர் வாழ்கிறார்கள். ஆண்டு பட்ஜெட் 700 கோடி டாலரைத் தாண்டும். அதில் ஏறத்தாழப் பாதி பள்ளிகளுக்கு. இதில் உங்கள் பணமும் இருக்கிறது. மேரிலாந்தில் மாநில வருமான வரியோடு கவுண்டி வருமான வரியும் உண்டு. மான்ட்கோமரியில் அது பல ஆண்டுகளாக 3.2 சதவீதம். சம்பளச் சீட்டில் இரண்டும் ஒரே பிடித்தமாகச் சேர்ந்து வருவதால் பலர் கவனிப்பதில்லை. எச்-1பி விசாவில் இருப்பவரும் இதைக் கட்டுகிறார்.

கவுன்சில் என்ன செய்யும் என்பதற்கு, வந்தவுடனேயே பயன்படக்கூடிய ஓர் எடுத்துக்காட்டு: 2023 ஜூலையில் கவுன்சில் ஏழுக்கு நான்கு என்ற வாக்கில் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தை நிறைவேற்றியது. அதன்படி ஆண்டு வாடகை உயர்வு விலைவாசி உயர்வோடு 3 சதவீதம் சேர்த்த அளவுக்கு மேல் போகக் கூடாது. எப்படிப் பார்த்தாலும் 6 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. கட்டி 23 ஆண்டுகள் ஆகாத கட்டடங்களுக்கு விலக்கு உண்டு. வேறு சில விலக்குகளும் இருக்கின்றன. குத்தகை புதுப்பிக்கும் கடிதத்தில் கையெழுத்திடுவதற்கு முன் உங்கள் குடியிருப்பு எந்த ஆண்டில் கட்டப்பட்டது என்று பாருங்கள். சந்தேகம் இருந்தால் 311 என்ற எண்ணுக்குக் கூப்பிட்டு, வீட்டுவசதித் துறையில் குத்தகைதாரர் விவகாரங்களைக் கவனிப்பவர்களிடம் இணைக்கச் சொல்லுங்கள்.

இனித் தேர்தல். கவர்னரைத் தேர்ந்தெடுக்கும் அதே ஆண்டில்தான் கவுண்டித் தேர்தலும் வரும்: 2018, 2022, 2026. பொதுத் தேர்தல் நவம்பரில். ஆனால் நவம்பரில் சுவாரசியம் எதுவும் மிஞ்சாது. 1978-க்குப் பிறகு இங்கே எக்ஸிக்யூட்டிவ் பதவியைக் குடியரசுக் கட்சி வென்றதில்லை. அதனால் உண்மையான போட்டி, வழக்கமாக ஜூன் மாதத்தில் நடக்கும் ஜனநாயகக் கட்சியின் பிரைமரியில், அதாவது வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் உட்கட்சித் தேர்தலில் முடிந்துவிடுகிறது.

அந்தப் போட்டி எவ்வளவு நெருக்கமாக இருக்கும் என்பதை இரண்டு எண்களே சொல்லிவிடும். எக்ஸிக்யூட்டிவ் பதவிக்கான 2018 பிரைமரியில் மார்க் எல்ரிச், தொழிலதிபர் டேவிட் பிளேரை 77 வாக்குகளில் முந்தினார். 2022-இல் அதே இருவர் மறுபடி மோதினார்கள். அந்த ஆண்டு பிரைமரி ஜூலை 19-க்குத் தள்ளிப்போயிருந்தது. தபால் வாக்குகளை எண்ணி, பிறகு மறு எண்ணிக்கையும் நடத்தி முடிக்க ஒரு மாதத்துக்கு மேல் ஆயிற்று. கடைசியில் எல்ரிச்சின் முன்னிலை 32 வாக்குகள். சனிக்கிழமை தமிழ்ப் பள்ளியில் ஒரு வகுப்பின் பெற்றோர் இதைவிட அதிகமாக இருப்பார்கள்!

பிளேர் சொந்தப் பணத்தை லட்சக்கணக்கில் செலவிட்டவர். எல்ரிச் நம்பியது வேட்பாளர்களுக்குக் கவுண்டியே தரும் தேர்தல் நிதியை. 2014-இல் சட்டமாகி 2018-இல் முதன்முதலாக நடைமுறைக்கு வந்த ஏற்பாடு இது. பெரிய நன்கொடைகளை வாங்குவதில்லை என்று ஒப்புக்கொள்ளும் வேட்பாளருக்கு, கவுண்டிவாசிகள் தரும் சிறு தொகைகளின் மேல் கவுண்டியும் தன் பங்கைச் சேர்த்துக் கொடுக்கும். 2024-இல் வாக்காளர்கள் எக்ஸிக்யூட்டிவ் பதவிக்குத் தொடர்ந்து இரண்டு முறைதான் என்று வரம்பு கட்டிவிட்டதால், 2026-இல் எல்ரிச் மீண்டும் போட்டியிட முடியாது.

நீங்கள் இன்னும் குடிமகன் ஆகவில்லை என்றால் இந்தப் பகுதியை இரண்டு முறை படியுங்கள். ஓட்டுநர் உரிமம் எடுக்கப் போகும் இடத்திலேயே வாக்காளர் பதிவும் நடக்கிறது. கவுன்டரில் இருப்பவர் வேகமாகக் கேட்பார். திரையில் ஒரு கட்டம் வரும். 'குடிமகன்' என்று தவறிக்கூட ஒப்புக்கொள்ள வேண்டாம். குடியுரிமை இருப்பதாகப் பொய்யாகச் சொல்வது குடிவரவுச் சட்டத்தில் மிகக் கடுமையாகப் பார்க்கப்படும் குற்றம்; பச்சை அட்டையே கைக்கு வராமல் போகலாம். பதிவு அட்டை தபாலில் வந்துவிட்டால் குப்பையில் போடாமல், குடிவரவு வழக்கறிஞரைப் பார்த்து முறையாக நீக்குங்கள். அதேபோல ஜூரிக் கடமைக்கான படிவமும் ஒருநாள் வீடு தேடி வரும். பெயர்களை ஓட்டுநர் உரிமப் பட்டியலிலிருந்தும் எடுக்கிறார்கள். குடிமகன் அல்ல என்று உண்மையைக் குறித்துத் திருப்பி அனுப்பினால் போதும். பதில் போடாமல் விடாதீர்கள்.

நன்கொடையிலும் கவனம் தேவை. விசாவில் இருப்பவர்கள் எந்தத் தேர்தலுக்கும், அது பள்ளி வாரியத் தேர்தலே ஆனாலும், பணம் கொடுக்கக் கூடாது. பச்சை அட்டை வந்த பின் கொடுக்கலாம். நண்பர் வீட்டு விருந்துக்கு வேட்பாளர் வந்து, உண்டியல் போல ஓர் இணைப்பு கைபேசிக்குக் கைபேசி சுற்றும்போது கூச்சப்படாமல் ஒதுங்கிக்கொள்ளுங்கள். சம்பளம் வாங்காமல் தொண்டராக வேலை செய்யத் தடையில்லை.

இதே கவுண்டியில் தனி நகரசபை உள்ள டகோமா பார்க் கொஞ்சம் விசித்திரமான ஊர். 1990-களின் தொடக்கத்திலிருந்தே குடிமக்கள் அல்லாதவர்களும் அங்கே நகரத் தேர்தலில் வாக்களிக்கலாம். 2013 முதல் 16 வயதினரும். ஆனால் அது நகரசபைக்கு மட்டும். கவுண்டித் தேர்தலுக்குப் பொருந்தாது. அங்கே குடியிருந்தாலும் முதலில் ஒரு வழக்கறிஞரைக் கேட்டுவிடுவது நல்லது. பிற்காலத்தில் குடியுரிமை விண்ணப்பத்தில், இதற்கு முன் வாக்களித்திருக்கிறீர்களா என்ற கேள்வி இருக்கிறது.

வாக்கு இல்லாதவர்களுக்கும் வாய் உண்டு. எக்ஸிக்யூட்டிவ் மார்ச் 15-க்குள் பட்ஜெட்டை முன்வைப்பார். கவுன்சில் மே மாத இறுதிவாக்கில் முடிவெடுக்கும். ஜூலை 1-இல் நிதியாண்டு பிறக்கும். இடையில் ஏப்ரலில் பொது விசாரணைக் கூட்டங்கள் நடக்கும். முன்பதிவு செய்துகொண்டால் இரண்டு மூன்று நிமிடம் பேசலாம். குடியுரிமைச் சான்று யாரும் கேட்பதில்லை. தமிழ்ப் பள்ளி வார இறுதியில் வகுப்பறை எடுக்கிறது என்றால், அந்த முன்பதிவைக் கவனிப்பது கவுண்டியின் ஓர் அலுவலகம். கட்டணம் ஏறினால் அடிபடுவது நாம். நம் சங்கங்கள் பொங்கல் மேடைக்குக் கவுன்சில் உறுப்பினர்களை அழைத்துப் பொன்னாடை போர்த்தி, நான்கு புகைப்படம் எடுத்துக்கொள்கின்றன. அந்த உறுப்பினர் மறுநாளே அதை மறந்துவிடுவார் என்பது என் கருத்து. ஏப்ரல் கூட்டத்தில் ஒரே கோரிக்கையோடு ஐந்து பெற்றோர் வரிசையாகப் பேசினால் மறக்க மாட்டார்.

வீட்டில் உங்களுக்கு முன்பே வாக்களிக்கப்போவது ஒருவேளை உங்கள் பிள்ளை. எட்டுப் பேர் கொண்ட பள்ளி வாரியத்தில் ஓர் இடம் மாணவருக்கு. 6 முதல் 12-ஆம் வகுப்பு வரை படிப்பவர்கள் வசந்த காலத்தில் பள்ளியிலேயே வாக்களித்து அவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். இதற்கு விசா நிலை ஒரு பொருட்டல்ல. அப்படித் தேர்வாகும் மாணவர் ஓராண்டுக் காலம், பட்ஜெட் உட்படப் பெரும்பாலான தீர்மானங்களில் வாக்களிக்கிறார். அந்த வாரம் சாப்பாட்டு மேசையில் யாருக்குப் போட்டாய் என்று விசாரியுங்கள். பிரசாரத்தில் என்ன வாக்குறுதி கொடுத்தார்கள் என்பதை உங்களைவிடத் தெளிவாகச் சொல்வார்கள். பட்டம் பெறத் தேவையான 75 சேவை மணி நேரத்தில் ஒரு பகுதியையும் வாக்குச் சாவடியில் உதவி செய்து சேர்க்கலாம். கவுண்டியின் தேர்தல் வாரியம் அதற்கென்றே மாணவர் திட்டம் நடத்துகிறது.

குடியுரிமை உறுதிமொழி எடுத்த பிறகு வாக்காளர் பதிவுப் படிவத்தில் கட்சி என்ற கட்டம் வரும். அரசியலே வேண்டாம் என்று நம்மவர்கள் 'எந்தக் கட்சியும் இல்லை' என்பதைத் தேர்ந்தெடுத்துவிடுகிறார்கள். மேரிலாந்தில் பிரைமரி கட்சிக்காரர்களுக்கு மட்டும். கட்சி சாராதவருக்கு அன்று பள்ளி வாரியம் போன்ற ஓரிரு போட்டிகள்தான் வாக்குச் சீட்டில் இருக்கும். கட்சியைக் குறிப்பதற்குச் சந்தா இல்லை, உறுப்பினர் அட்டை இல்லை, நவம்பரில் அதே கட்சிக்குத்தான் போட வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. மாற்றிக்கொள்ள நினைத்தால் பிரைமரிக்கு 21 நாள் முன்னதாகவே மாற்றிவிட வேண்டும். முன்கூட்டிய வாக்குப்பதிவு தொடங்கிய பின் புதிதாகப் பதிந்துகொள்ள இடமுண்டு. கட்சி மாற இடமில்லை.