முழுக்கோதுமை மாவில் பை கிரஸ்ட்: பிசையவே கூடாது

கோதுமை மாவில் பை கிரஸ்ட் (pie crust, பழமோ காய்கறியோ நிரப்பும் பையின் மாவு ஓடு) செய்தால் கடிக்க முடியாமல் கெட்டியாக வருகிறது என்று பலர் மைதாவுக்கே திரும்பிவிடுகிறார்கள். பெரும்பாலும் அதற்குக் காரணம் நம் சப்பாத்திப் பழக்கம்தான். கோதுமை மாவைக் கண்டதும் தண்ணீர் விட்டு அழுத்திப் பிசைய ஆரம்பித்துவிடுகிறோம், அப்படிப் பிசையப் பிசைய மாவிலுள்ள குளூட்டன் என்ற புரதம் இறுகும், வெண்ணெயும் கைச்சூட்டில் உருகி மாவோடு ஒன்றாகிவிடும். கிரஸ்ட்டுக்கு இரண்டுமே ஆகாது. வெண்ணெய் சின்னச் சின்னத் துண்டுகளாக மாவுக்குள்ளேயே இருக்க வேண்டும். அடுப்புச் சூட்டில் அதிலுள்ள நீர் ஆவியாகி மாவைத் தூக்கிவிடுவதால்தான் அடுக்கடுக்காக உதிரும் பதம் கிடைக்கிறது. நெய்யில் நீர் கிடையாது, அதனால் நெய் ஊற்றிச் செய்தால் பிஸ்கட் போலப் பொடியுமே தவிர அடுக்கு வராது.

9 அங்குலத் தட்டு ஒன்றுக்கு அளவு: கோதுமை மாவு 180 கிராம், உப்பில்லாத வெண்ணெய் 115 கிராம், உப்பு அரை டீஸ்பூன், சர்க்கரை ஒரு டீஸ்பூன், எலுமிச்சைச் சாறு ஒரு டீஸ்பூன், ஐஸ் தண்ணீர் 5 முதல் 6 டேபிள்ஸ்பூன். உப்பு போட்ட வெண்ணெய்தான் இருக்கிறது என்றால் தனியாக உப்பு சேர்க்காதீர்கள். மில்லில் அரைப்பவர்கள் நைஸாக அரைக்கச் சொல்லுங்கள், தவிட்டைச் சலித்துக் கொட்டிவிட வேண்டாம், ருசியே அதில்தான் இருக்கிறது. மாவை ஒருமுறை முகர்ந்தும் பாருங்கள். முழுக்கோதுமையில் முளைப்பகுதியின் எண்ணெயும் இருப்பதால் சீக்கிரம் சிக்கு வாடை வரும், அந்த வாடையை எவ்வளவு வெல்லம் போட்டாலும் மறைக்க முடியாது.

வெண்ணெயை ஒரு சென்டிமீட்டர் துண்டுகளாக நறுக்கி 15 நிமிடம் ஃப்ரீசரில் வையுங்கள், மாவையும் பாத்திரத்தோடு ஃப்ரிட்ஜில் வைத்துவிடுங்கள். நம்மூர் மே மாதத்து அடுப்படியில் வெண்ணெய் பார்த்துக்கொண்டிருக்கும்போதே இளகிவிடும், அதனால் இந்த வேலையை விடியற்காலையில் வைத்துக்கொள்வது நல்லது. அப்புறம் மாவில் உப்பு, சர்க்கரை கலந்து, வெண்ணெயைப் போட்டு, விரல் நுனியால் மட்டும் நசுக்கிவிடுங்கள். பாதி வெண்ணெய் மாவோடு கலந்து, மீதி பட்டாணி அளவில் தெரிந்தால் நிறுத்திவிடலாம்.

இப்போது எலுமிச்சைச் சாறு, பிறகு ஐஸ் தண்ணீரை ஒவ்வொரு ஸ்பூனாகத் தெளித்து முள்கரண்டியால் கிளறுங்கள். புட்டு மாவுப் பதம்தான் கணக்கு: பிடித்தால் பிடிபட வேண்டும், உதிர்த்தால் உதிர வேண்டும். தவிடு தண்ணீரை மெதுவாகத்தான் குடிக்கும், அதனால் கொஞ்சம் உலர்வாகத் தெரிந்தாலும் பதறித் தண்ணீரைக் கொட்டாதீர்கள். எல்லாவற்றையும் அள்ளிச் சேர்த்து, தட்டையாக அமுக்கி, இறுக்கமாக மூடி குறைந்தது ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். இந்த ஒரு மணி நேரத்தை மைதாவுக்குக்கூடக் கொஞ்சம் குறைக்கலாம், முழுக்கோதுமைக்குக் குறைக்கவே கூடாது. அந்த நேரத்தில்தான் ஈரம் தவிடு வரைக்கும் பரவுகிறது, இல்லாவிட்டால் தேய்க்கும்போது ஓரமெல்லாம் பிளக்கும்.

தேய்க்கும்போது இரண்டு பட்டர் பேப்பருக்கு நடுவில் வைத்து 3 மில்லிமீட்டர் கனத்துக்குத் தேயுங்கள். கிழிந்தால் ஒரு துண்டை வைத்து ஒட்டிவிடலாம், வெந்தபின் தெரியாது. தட்டில் போடும்போது இழுத்து நீட்டாதீர்கள், இழுத்த இடமெல்லாம் அவன் (oven) அடுப்பில் சுருங்கிக் கீழே இறங்கும். முள்கரண்டியால் அடியில் குத்திவிட்டு மறுபடி அரை மணி நேரம் ஃப்ரிட்ஜ். தட்டு அலுமினியமாக இருந்தால் அடி நன்றாக வேகும். கண்ணாடித் தட்டை ஃப்ரிட்ஜிலிருந்து நேராகச் சூடான அவனுக்குள் வைத்தால் வெடிக்கக்கூடும், கவனம்.

அவனை 200 டிகிரிக்கு முன்கூட்டியே நன்றாகச் சூடாக்குங்கள். கிரஸ்ட் மேல் பட்டர் பேப்பர் விரித்து, விளிம்பு வரை கொண்டைக்கடலையோ அரிசியோ நிரப்பி, கீழ்த்தட்டில் 20 நிமிடம் வையுங்கள். பிறகு பேப்பரோடு கடலையை எடுத்துவிட்டு இன்னும் 10 நிமிடம். (அந்தக் கடலை இனி சமையலுக்கு ஆகாது, ஒரு டப்பாவில் போட்டு அடுத்த பைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.) மாவே பழுப்பாக இருப்பதால் நிறத்தை வைத்து வெந்ததா என்று சொல்ல முடியாது. அடிப்பகுதியைத் தொட்டுப் பாருங்கள், ஈரப்பிசுக்கு இல்லாமல் வறண்டிருக்க வேண்டும், வறுத்த கோதுமை வாசனை வர வேண்டும்.

இந்த மண்வாசனைக்கு வெல்லம் போட்டு வதக்கிய ஆப்பிளும் பரங்கிக்காயும் அருமையாகச் சேரும், காரமாக வேண்டுமென்றால் காளானும் கீரையும். ஆப்பிளைப் பச்சையாகப் போடாமல், சாறு சுண்ட வதக்கி, முழுக்க ஆறவைத்து நிரப்புங்கள், சூடாகக் கொட்டினால் அடி நமுத்துவிடும். கம்பு, கேழ்வரகு சேர்க்க ஆசைப்படுபவர்கள் மாவில் கால் பங்குக்கு மேல் போக வேண்டாம், அவற்றில் குளூட்டன் இல்லாததால் தட்டுக்கு மாற்றும்போதே உடைந்துவிடும்.